வாடகை நோட்டு

வக்கீல் குமாஸ்தாவாகவே என் தலை நரைத்தது. குடியிருப்பவரைக் காலி செய்ய வைக்க வேண்டும் என்று வரும் கட்சிக்காரர் எடுத்த எடுப்பில் சொல்வது, "என் வீடு சார், பத்திரம் இருக்கு." எதிராளி பத்திரத்தைத் தொடவே மாட்டார். "நான் இவருக்கு வாடகைக்காரனே இல்லை, இவங்க அண்ணன்தான் சும்மா இருக்கச் சொன்னார்" என்பார். வாடகைக்கு விட்டேன் என்கிறவர்தான் அதை நிரூபிக்க வேண்டும். பாதிப் பேரிடம் அதற்கு ஒரு துண்டுச் சீட்டும் இருக்காது. தெரிந்தவரிடம் எழுதி வாங்கக் கூச்சம் என்பார்கள். வருமான வரிக்காரர் கண்ணில் படக் கூடாதென்பதற்கும் அதே பெயர்தான்.

ஒரு வழக்கில் எங்களுக்குக் கிடைத்தது நாற்பது பக்கப் பள்ளிக்கூட நோட்டு ஒன்று. வீட்டுக்கார அம்மா மாதாமாதம் தேதியும் தொகையும் எழுதிக் குடித்தனக்காரரிடம் கையெழுத்து வாங்கி வைத்திருந்தார். ஒரு மாதத்தில் மட்டும் எழுத்து மாறியிருந்தது: "ஓடு மாற்றிய செலவு 350 கழித்து." குறுக்கு விசாரணையில் வக்கீல் அந்தப் பக்கத்தைக் காட்டினார். "எழுத்து என்னுடையது மாதிரி இருக்கு" என்றார் குடித்தனக்காரர். "வாடகையே இல்லையென்றால் எதில் கழித்தீர்கள்?" பதில் வரவில்லை.

வீட்டுக்காரர், வாடகைக்காரர் என்ற உறவு நிலைநாட்டப்பட்டுவிட்டால் பிறகு சட்டம் வீட்டுக்காரர் பக்கம் நிறையப் பேசும். குடிவரும்போது யாரை வீட்டுக்காரர் என்று ஏற்றாரோ, குடியிருக்கும் வரை அவருடைய அன்றைய உரிமையை வாடகைக்காரர் மறுக்க முடியாது. 2024 ஜூன் வரை 1872 சாட்சியச் சட்டத்தின் 116ஆம் பிரிவாக இருந்தது அது; இப்போதைய சாட்சியச் சட்டத்திலும் அந்த விதி தொடர்கிறது. 1960ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டத்தில், நல்லெண்ணம் இல்லாமல் அப்படி மறுப்பதே வெளியேற்றக் காரணமாக இருந்தது. பொய் சொல்லித் தப்பப் பார்த்து அதிலேயே மாட்டியவர்கள் உண்டு.

வீடு கைமாறும்போதுதான் குழப்பம் அதிகம். வாங்கியவருக்கு வாடகை உரிமையும் சேர்ந்தே போகும், குடியிருப்பவர் சம்மதம் வேண்டியதில்லை. ஆனாலும் விற்றவர், "இனி வாடகையை இவரிடம் கொடுங்கள்" என்று ஒரு கடிதம் எழுதிப் பதிவுத் தபாலில் அனுப்பிவிட்டால் பின்னால் பெரிய தலைவலி இருக்காது.

2019 பிப்ரவரி 22 முதல் தமிழ்நாட்டில் புதுச் சட்டம் நடப்பில் இருக்கிறது. ஒப்பந்தம் எழுத்தில் இருக்க வேண்டும், வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். ஒப்பந்தம் போடாமலிருப்பதே காலி செய்யச் சொல்லக் காரணமாகலாம். பதினோரு மாத ஸ்டாம்பு பேப்பரைப் பீரோவில் வைத்தால் போதுமென்று இன்னும் நினைக்கிறார்கள்.

குடியிருப்பவருக்கும் சொல்கிறேன், ரசீது உங்களுக்கும் காப்பு. அது இல்லாவிட்டால் நாளைக்கு உங்களை அத்துமீறி நுழைந்தவர் என்றுகூடச் சொல்லலாம். போனில் பணம் அனுப்பும்போது கீழே இருக்கும் குறிப்புக் கட்டத்தில் "ஜூன் மாத வாடகை" என்று தட்டிவிடுங்கள். வெறும் தொகை மட்டும் இருந்தால், அது கைமாற்றைத் திருப்பிக் கொடுத்த பணம் என்று சாதிக்கவும் ஆள் இருக்கிறது.