கைகுலுக்கிய மூட்டைகள்

2025 செப்டம்பர் 20, சனிக்கிழமை. மறுநாள் மகாளய அமாவாசை. விடியற்காலை ஐந்தரை இருக்கும். மாடியிலிருந்து மகன் பனியனோடு இறங்கி வந்தான். "அப்பா, இங்கேருந்து மீனம்பாக்கம் போவ எவ்ளோ நேரம் ஆவும்?" என்றான். செஞ்சியில் பிறந்து வளர்ந்து, பன்னிரண்டு வருஷமாகத் திண்டிவனம் ரோட்டில் வந்து போகிறவன் கேட்கிற கேள்வியா அது?

போனை நீட்டினான். நாங்கள் தூங்கிக்கொண்டிருந்த நேரத்தில் வாஷிங்டனில் டிரம்ப் ஓர் உத்தரவில் கையெழுத்துப் போட்டிருக்கிறார். எச்-1பி விசாவுக்கு இனி 1,00,000 டாலர். நம்ம கணக்கில் சுமார் 88 லட்சம் ரூபாய். அங்கே ஞாயிறு பிறந்த முதல் நிமிஷத்தில் அமல். நமக்கு அது ஞாயிறு காலை 9:31. ஏற்கெனவே விசா வைத்திருக்கிறவனுக்கும் இது உண்டா என்று யாருக்கும் தெரியவில்லை. வெளிநாட்டில் இருக்கிறவர்கள் அதற்குள் அமெரிக்காவுக்குள் வந்துவிடுங்கள் என்று அவன் கம்பெனி மெயில் அனுப்பியிருந்தது. மருமகளும் பேத்தியும் ஆஸ்டினில். இவன் தாத்தா தெவசத்துக்கும் அமாவாசைக்கும் சேர்த்து லீவு போட்டு வந்தவன்.

கையில் 28 மணி நேரம். மீனம்பாக்கம் போக மூன்று, அங்கே நிற்க மூன்று, துபாயோ தோஹாவோ மாறி இறங்க இருபத்திரண்டு. விரல் விட்டு எண்ணினோம். சரியாக இருபத்தெட்டு, மிச்சமே இல்லை. எட்டு மணிக்கெல்லாம் இருந்த டிக்கெட்டும் போய்விட்டது. என் மனைவி காபி போட்டு வைத்தாள், யாரும் தொடவில்லை. மகன் திண்ணையில் உட்கார்ந்து ராஜகிரிக் கோட்டை மலையையே பார்த்துக்கொண்டிருந்தான்.

அவனுக்கு இது புதுசு. எனக்கு இல்லை. அமெரிக்க ஜனாதிபதி ஒருத்தர் பேனாவை எடுப்பாரா மாட்டாரா என்று இந்த ஊர் ஒருமுறை காத்திருந்தது. அப்போது எனக்குப் பத்து வயசு. அது 1966.

லிண்டன் ஜான்சன் என்ற பேரை நாங்கள் அப்போது சொன்னதே இல்லை. பஜார் சவரக்கடையில் நேருவுக்குப் பக்கத்தில் கென்னடி படம் இருந்தது. சுட்டுக் கொல்லப்பட்டவர் என்பதால் மாலை. அவருக்குப் பின்னால் வந்தவரை யாரும் மாட்டவில்லை. ஆனால் அவர் மாவைத் தின்றோம். காமராஜர் 1956இல் தொடங்கிய மதிய உணவுக்கு, 1961 வாக்கில் இருந்து 'கேர்' தொண்டு நிறுவனம் மூலம் அமெரிக்கச் சரக்கு வரத் தொடங்கியிருந்தது. மஞ்சள் மக்காச்சோள மாவு, பால் பவுடர், டின் எண்ணெய். மாவை நாங்கள் "மஞ்ச மாவு" என்போம். உப்புமா என்ற பேரில் கிண்டிப் போடுவார்கள். கொஞ்சம் ஆறினால் கொத்தனாருக்குத்தான் கொடுக்க வேண்டும்.

பால் பவுடர் வேறு விஷயம். அண்டாவில் வெந்நீர் ஊற்றிக் கரைக்கும்போது கட்டி கட்டியாக மிதக்கும். அந்தக் கட்டிக்கு அடிதடி. கரைக்கிற ஆயாம்மாவிடம் நல்ல பேர் வாங்கியவனுக்கு உலர்ந்த பவுடரே ஒரு பிடி கிடைக்கும். உள்ளங்கையில் வைத்து நக்கினால் மேலண்ணத்தில் சுண்ணாம்பு மாதிரி ஒட்டிக்கொள்ளும். நான் அதில் பாதியைப் பொட்டலம் கட்டி எங்கள் ஆயாவுக்குக் கொண்டுபோவேன். முதல் நாள் "எந்த மாட்டுப் பாலோ, இன்னா கண்றாவியோ" என்று துப்பினாள். ஒரு வாரத்தில் பள்ளிக்கூடம் விடுகிற நேரத்துக்கு வாசலில் வந்து நிற்க ஆரம்பித்தாள்.

மூட்டைகளும் வீணாகவில்லை. வெள்ளைத் துணிப்பை. மேலே அமெரிக்கக் கொடிக் கோடுகள், நடுவில் கைகுலுக்கும் இரண்டு கைகள், கீழே இங்கிலீஷில் அமெரிக்க மக்கள் அளித்தது, விற்கவோ மாற்றவோ கூடாது என்று. அந்தத் துணியில் அம்மா எனக்கு டவுசர் தைத்தாள். கைகுலுக்கும் கைகள் சரியாகப் பின்பக்கத்தில் வந்தன. ஊரில் பாதிப் பையன்களுக்கு அதே டவுசர். இரண்டு வருஷம் வெளுத்தும் கைகள் மட்டும் போகவில்லை.

பள்ளிக்கூடத்துக்கு வந்த மூட்டை தர்மம். கப்பல் கப்பலாக வந்த கோதுமை வேறு, அது அமெரிக்காவின் பி.எல். 480 சட்டத்தின்கீழ் ரூபாய் கொடுத்து வாங்கியது. இந்த வித்தியாசமெல்லாம் வேளாண்மைத் துறையில் வேலைக்குச் சேர்ந்த பிறகு எனக்குத் தெரிந்தது. 1965இல் மழை பொய்த்தது, 66இலும் பொய்த்தது. எங்கள் மானாவாரிக் கொல்லையில் மல்லாட்டை பூவோடு கருகியது. கிணற்றில் ஏற்றம் இறைத்தால் சேறு வந்தது. அரிசியை ஒரு மாவட்டத்திலிருந்து இன்னொன்றுக்குக் கொண்டுபோகக் கூடாது. செக்போஸ்டில் பஸ்ஸை நிறுத்தி மூட்டையை மட்டுமல்ல, பெண்கள் மடியையும் தடவினார்கள். தெரிந்த பெண் ஒருத்தி பிள்ளையைத் தூக்கும் தூளியில் அரிசியைக் கட்டி, மேலே பிள்ளையைப் படுக்க வைத்துக் கொண்டுவந்தாள். வீட்டில் கேவுருக் களி, அது இல்லாத நாளில் கோதுமைக் கஞ்சி. பிரதமர் சாஸ்திரி திங்கட்கிழமை ராத்திரி ஒருவேளை விடச் சொல்லியிருந்தார். "நாம எந்த ராத்திரி துன்னோம், வுடறதுக்கு?" என்று ஆயா கேட்டாள்.

அப்போது எங்கள் விளையாட்டு கோட்டைக் களஞ்சியத்துக்குள்தான். கல்யாண மகாலைத் தாண்டிப் போனால் அந்த நெற்களஞ்சியம். வளைந்த கூரை, ஓரடி தள்ளிப் பேசினால் நாலு முறை திரும்பி வரும் குரல், வௌவால் நாற்றம். மராத்திய மன்னர் ராஜாராமை உள்ளே வைத்து முகலாயப் படை 1690இலிருந்து 1698 வரை முற்றுகை போட்டதே, அத்தனை வருஷம் ஒரு கோட்டை தாக்குப்பிடித்தது மதிலால் மட்டும் இல்லை. உள்ளே நெல் இருந்தது, சுனை இருந்தது. பசியோடு அதற்குள் நின்று "அரிசி, அரிசி" என்று கத்துவோம். களஞ்சியம் திருப்பிக் கத்தும்.

எட்டாயிரம் மைலுக்கு அப்பால் அந்த நேரத்தில் என்ன நடந்தது என்பதைப் பிறகு புத்தகம் புத்தகமாகப் படித்துத் தெரிந்துகொண்டேன். முந்தைய பி.எல். 480 ஒப்பந்தம் 1965 நடுவில் முடிந்தது. ஜான்சன் நீண்ட ஒப்பந்தம் போடவில்லை. ஒரு மாதத்துக்கு, இரண்டு மாதத்துக்கு என்று அளந்து விட்டார். மாட்டை மூக்கணாங்கயிற்றில் குட்டையாகக் கட்டுவோமே, அப்படி. கப்பலுக்கு அவர் தானே கையெழுத்துப் போட வேண்டும். இந்தியாவில் எங்கே மழை பெய்தது, எங்கே பெய்யவில்லை என்பது தனக்கு அத்துப்படி என்று பின்னால் தன் நினைவு நூலில் எழுதினார். நம்புகிறேன். எங்கள் தாசில்தாருக்குத் தெரியாத அளவுக்குத் தெரிந்திருக்கும். 1966இல் மட்டும் நாம் இறக்குமதி செய்த தானியம் ஒரு கோடி டன்னுக்கு மேல்.

கயிற்றைக் குட்டையாக்க அவருக்கு இரண்டு காரணம். விவசாயத்துக்குப் பணம் ஒதுக்குங்கள், உரம் போடுங்கள் என்பது ஒன்று. நம் உணவு மந்திரி சி. சுப்பிரமணியம், பொள்ளாச்சிப் பக்கத்து செங்குட்டைப்பாளையத்துக்காரர், 1965 நவம்பரில் ரோமில் அமெரிக்க வேளாண் மந்திரி ஃப்ரீமனோடு உட்கார்ந்து இதற்கு ஒப்புக்கொண்டார். ஜான்சன் நெருக்கியதால்தான் பசுமைப் புரட்சி வந்தது என்று எழுதுகிறவர்கள் உண்டு. துறையில் முப்பத்தாறு வருஷம் இருந்தவன் என்ற முறையில் எனக்கு அதில் சம்மதமில்லை. சி.எஸ். கையில் திட்டம் முன்பே இருந்தது. நெருக்கடி அதற்கு டில்லியில் கையெழுத்து வாங்கித் தந்தது, அவ்வளவுதான்.

இன்னொரு காரணம் வியட்நாம். அது எங்கள் வீட்டுக்கு வேறு வழியாக வந்தது. அம்மாவின் ஒன்றுவிட்ட அண்ணன் புதுச்சேரிக்காரர், பிரெஞ்சுப் பட்டாளத்தில் இருந்த சொல்தா. பிறகு சைகோனில் ஒரு வங்கியில் காவல் வேலை. 1966இல் லீவில் வந்தவர் எங்களைப் பார்க்க பஸ் ஏறி வந்தார். ராத்திரி தூரத்தில் குண்டு விழுந்தால் சைகோனில் ஜன்னல் கண்ணாடி அதிரும், பிள்ளைகள் அதற்குள் தூங்கப் பழகிவிட்டார்கள் என்றார். பேசிக்கொண்டே என் டவுசரைப் பார்த்தவர், என்னைத் திரும்பி நிற்கச் சொன்னார்.

"இந்தக் கையை நான் சைகோன் துறைமுகத்துல தெனம் பார்க்கறேன்மா. அங்க அரிசி மூட்டை மேல இருக்கு."

"அது நெல்லு விளையுற ஊருன்னு சொல்வியேண்ணா?" என்றாள் அம்மா.

"விளைஞ்ச ஊரு" என்றார் மாமா.

அந்த ஜூலையில் மாஸ்கோவில் இந்திரா காந்தி, வட வியட்நாமில் குண்டு போடுவதை நிறுத்த வேண்டும் என்ற அறிக்கையில் கையெழுத்துப் போட்டார். ஜான்சனுக்குக் கோபம். அதற்கு முந்தைய மாதம்தான், ஜூன் 6இல், ரூபாயின் மதிப்பைக் குறைத்திருந்தார்கள், 4.76 ரூபாய்க்குக் கிடைத்த டாலர் 7.50 ஆனது. பீகாரில் பஞ்சம் முற்றிக்கொண்டிருக்க, கப்பல்கள் தாமதமாயின. செஞ்சியில் நாங்கள் இதையெல்லாம் ஒரே ஒரு வாக்கியமாகக் கேட்டோம்: "ஸ்டாக் இல்ல, அடுத்த வாரம் வா."

1967 தேர்தலில் ரூபாய்க்கு மூன்று படி லட்சியம், ஒரு படி நிச்சயம் என்று திமுக கேட்டது. முந்தைய இந்தி எதிர்ப்புப் போராட்டமும் சேர்ந்துகொண்டது. காமராஜர் விருதுநகரில் தோற்றார். அவர் போட்ட சோற்றைத் தின்ற எங்கள் தெருவே உதயசூரியனுக்குப் போட்டது. அப்பா அன்றைக்கு ராத்திரி வெற்றிலை போட்டுக்கொண்டு ஒன்றும் பேசாமல் உட்கார்ந்திருந்தார்; அவர் எதற்குப் போட்டார் என்று கடைசிவரை சொல்லவில்லை. அப்புறம் புது நெல் ரகங்கள், ஏ.டி.டி. 27 வந்தது, ஐ.ஆர். 8 வந்தது. ஐ.ஆர். 8 சோறு ரப்பர் மாதிரி. ஆனால் இருந்தது.

ஜான்சனைப் பற்றி எனக்கு முடிவான அபிப்பிராயம் இருந்தது. 2019இல் ஆஸ்டின் போகும்வரை. பேத்தி பிறந்திருந்தாள். மகன் என்னை வீட்டுக்குள்ளேயே வைத்திருக்க முடியாமல், "வாங்க, உங்க ஆளைக் காட்றேன்" என்று ஜான்சன் நூலகத்துக்குக் கூட்டிப்போனான். உள்ளே சிவப்புப் பெட்டிகள், தங்க முத்திரையோடு, கண்ணாடிக்குப் பின்னால் மாடி மாடியாக. அத்தனையும் அவர் ஆட்சிக் காகிதம். எங்களூர்க் களஞ்சியம் நிரம்பியிருந்தால் இப்படித்தான் இருந்திருக்கும் என்று தோன்றியது. ஒரு பக்கம் ஜான்சன் பொம்மை தலையை ஆட்டி ஜோக் சொல்கிறது. சுவரில் போன்கள், எடுத்தால் அவர் நிஜக் குரல்.

அங்கேதான் அது தெரிந்தது. இளம் வயதில், 1928இல், அவர் கொட்டூலா என்ற சின்ன ஊரில் மெக்சிகோ வம்சாவளிப் பிள்ளைகளுக்கு வாத்தியாராக இருந்தவர். பிள்ளைகள் காலையில் சாப்பிடாமல் வகுப்புக்கு வந்ததை மறக்கவில்லை. 1965 மார்ச்சில் கறுப்பர்களின் ஓட்டுரிமைக்காக நாடாளுமன்றத்தில் பேசியபோது அதைச் சொன்னார். அந்தச் சட்டத்தைக் கொண்டும் வந்தார். அவர் அப்படிப் பேசிய அதே மார்ச்சில்தான் வட வியட்நாம்மீது தொடர் குண்டுவீச்சும் தொடங்கியது. பசித்த பிள்ளையைப் பார்த்தவர்தானே? போனைக் காதில் வைத்துக்கொண்டு நின்றேன். அவர் டெக்சாஸ் இங்கிலீஷ் எனக்கு ஒரு சொல் புரியவில்லை.

வெளியே வரும்போது மகன் இன்னொன்று சொன்னான். இந்தியாவிலிருந்து வருஷத்துக்கு நூறு பேர்தான் குடியேறலாம் என்று வைத்திருந்த கணக்கை ஒழித்தது அவர்தான். 1965 அக்டோபர் 3, சுதந்திர தேவி சிலைக்குக் கீழே உட்கார்ந்து கையெழுத்துப் போட்டார். இது ஒன்றும் புரட்சியான சட்டமில்லை என்று அப்போது சொன்னாராம். அதற்கு அடுத்த மாதம்தான் ரோமில் சி.எஸ். உட்கார்ந்தது. கோதுமையை அளந்து விட்ட கைதான் கதவையும் திறந்திருக்கிறது. "அதனாலதாம்பா நான் இங்க இருக்கேன்" என்றான். கிரீன் கார்டு வந்துவிட்டதா என்று கேட்டேன். "வரிசையில இருக்கேன்" என்றான். இன்றைக்கும் இருக்கிறான். எந்த நாட்டுக்கும் ஏழு சதவீதத்துக்கு மேல் இல்லை என்பது 1990இல் வந்த கணக்கு.

சனிக்கிழமை முழுக்க அவன் சாப்பிடவில்லை. 2025 ஜூலை 11இல் எங்கள் கோட்டை யுனெஸ்கோ பட்டியலில் ஏறியது, பதினொரு நாள் கழித்து அமெரிக்கா யுனெஸ்கோவை விட்டு விலகுவதாக அறிவித்தது. அதைச் சொல்லிச் சிரிக்க வைக்கலாமென்று பார்த்தேன். எடுபடவில்லை. நள்ளிரவு தாண்டி மாடியில் காலடிச் சத்தம். புது மனுக்களுக்குத்தான், ஒரே தடவைதான், கையில் விசா இருக்கிறவர்கள் திரும்பி வரத் தடையில்லை என்று வெள்ளை மாளிகை விளக்கம் கொடுத்துவிட்டதாம். "இத மொதல்லியே சொல்லியிருக்கலாமில்ல?" என்றாள் அவன் அம்மா.

காலையில் மேல்மலையனூர் பஸ்கள் ஹாரன் அடித்துக்கொண்டு போயின. நான் தர்ப்பணம் முடித்து வந்தேன். படையலில் அவரவருக்குப் பிடித்தது: அப்பாவுக்கு வெற்றிலை, சைகோன் மாமாவுக்குக் கறுப்புக் காபி, ஆயா இலையில் ஒரு கரண்டி பால் பவுடர். காக்கை வந்து சோற்றை மட்டும் எடுத்தது. மகன் ஆயா இலை முன்னால் குந்தி, சின்ன வயசில் செய்த மாதிரியே, பவுடரை உள்ளங்கையில் வழித்து நக்கிக்கொண்டிருந்தான். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தேன். ஒன்பதரை தாண்டி ஒரு நிமிஷம்.