கோட்டோரத்தில் ஒரு வாழ்வு

உதைபந்தாட்டத்திலே விங்கர் எனப்படுபவர் மைதானத்தின் எல்லைக்கோட்டை ஒட்டி ஓடுபவர். நடுக்களத்து நெருக்குவாரங்களிலிருந்து விலகி நின்று, பந்து தம்மை வந்தடையும்வரை காத்திருப்பது அவர் தொழிலின் ஒரு பாதி. பயிற்றுநர் நிற்பதும் அதே கோட்டின் ஓரத்திலேதான். ஆயின் கோட்டுக்கு வெளியே. நெதர்லாந்தின் பேர்ட் வான் மார்வைக் இவ்விரு நிலைகளிலுமாகத் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைக் கழித்தவர்.

1952இல் டெவன்டர் நகரிலே பிறந்த அவர், 1969இல் அவ்வூர்க் கழகமாகிய கோ அஹெட் ஈகிள்ஸிலே விளையாடத் தொடங்கினார். ஒல்லாந்தரின் உதைபந்தாட்டம் உலகின் கண்களைக் கவரவிருந்த வேளை அது. 1974 உலகக் கிண்ண இறுதியாட்டத்திலே மேற்கு யேர்மனியிடம் 2-1 என அவர்கள் தோற்றனர்; எனினும் வென்றவர்களைவிடத் தோற்றவர்களைப் பற்றியே உலகம் அதிகம் பேசிற்று. யொஹான் குறைஃப் தலைமை தாங்கிய அவ்வணியிலே டெவன்டர் இளைஞருக்கு இடமிருக்கவில்லை. மறு ஆண்டு யூகோசிலாவியாவுக்கு எதிராக அவர் தேசியச் சட்டையை அணிந்தார். அந்த ஒரு தடவையோடு அது முடிந்தது. பின்னர் அல்க்மார், மாஸ்ட்ரிக்ட், சிட்டார்ட் ஆகிய நகரங்களின் கழகங்களுக்கு ஆடி, எண்பதுகளின் இறுதியிலே விளையாட்டு வாழ்வை முடித்துக்கொண்டார். திறமை குன்றாதவர், ஆனால் மகத்துவம் எட்டாதவர் என்றே வீரராக இருந்த காலத்தை மதிப்பிடவேண்டும்.

பயிற்றுநராக அவரது பெயரை நிலைநிறுத்தியது 2002 மே 8ஆம் திகதி. ரொட்டர்டாமிலே, தம் சொந்த மைதானத்திலே, அவருடைய ஃபெயனூர்ட் அணி யேர்மனியின் டோர்ட்முண்டை 3-2 என வென்று யூஏபா கிண்ணத்தைக் கைப்பற்றியது. அதற்கு இரண்டு நாட்களுக்கு முன்னர்தான் அந்நகர் அரசியல்வாதி பிம் ஃபோர்ட்டெய்ன் சுட்டுக்கொல்லப்பட்டிருந்தார். வெற்றியும் துக்கமும் ஒரே நகரத்திலே ஒரே வாரத்திலே தங்கின. இரண்டு ஆண்டுகளின் பின், தோற்ற டோர்ட்முண்ட் கழகமே அவரைத் தன் பயிற்றுநராக அழைத்துக்கொண்டது. தோற்கடித்தவரை வேலைக்கமர்த்துவது இத்தொழிலிலே வெட்கத்துக்குரியதன்று. இவ்வழக்கம் அவர் வாழ்விலே மீண்டும் ஒருமுறை, இன்னும் விசித்திரமாக, வர இருந்தது.

2008இல் நெதர்லாந்தின் தேசிய அணி அவர் பொறுப்பிலே வந்தது. ஒல்லாந்தருக்கு ஒரு பழைய நோய் உண்டு: அழகாக ஆடித் தோற்பதிலே பெருமை கொள்வது. 1974 போலவே 1978இலும் இறுதிவரை சென்று வெறுங்கையோடு திரும்பியவர்கள் அவர்கள். வான் மார்வைக் அந்நோய்க்கு மருந்து கொண்டுவந்தார், மருந்து கசப்பானது. நடுக்களத்திலே தம் மருமகனாகிய மார்க் வான் பொம்மலையும் நைஜல் டி யொங்கையும், பந்தை அலங்கரிப்பதற்கன்றிப் பறிப்பதற்காக, அருகருகே நிறுத்தினார். இடப்புறத்திலே, ஒரு காலத்திலே தாம் ஓடிய அதே கோட்டோரத்திலே, டேர்க் கய்ட்டை நிறுத்தினார். கய்ட் பிறவி விங்கர் அல்லர். சளைக்காது ஓடுபவர், பந்தை இழந்ததும் திரும்பி வந்து காப்பவர். தம்மைப் போன்ற ஒருவரைத் தேடாமல் தம்மைவிட உழைக்கும் ஒருவரைத் தேடினார் என்பதிலே அம்மனிதரின் மனப்பாங்கு முழுவதும் தெரிகின்றது.

பலன் கிட்டிற்று. தகுதிகாண் ஆட்டங்கள் எட்டிலும் வெற்றி. தென்னாபிரிக்காவிலே நடந்த 2010 உலகக் கிண்ணத்தில் டென்மார்க், யப்பான், கமரூன், சிலோவாக்கியா, பிரேசில், உருகுவே என ஆறு அணிகளையும் ஒன்றன்பின் ஒன்றாக வென்று இறுதிக்கு வந்தனர். 1970இல் பிரேசில் செய்ததுபோலத் தகுதிகாண் ஆட்டம் முதல் இறுதிவரை எல்லாவற்றையும் வெல்லுவதற்கு ஓர் ஆட்டமே எஞ்சியிருந்தது.

யூலை 11, ஜொகனஸ்பேர்க். எதிரே நின்ற ஸ்பெயின், குறைஃப் பார்சலோனாவிலே விதைத்த ஆட்டமுறையின் விளைச்சல். ஒல்லாந்தர் தம் சொந்தப் பிள்ளையோடு மோதினர் என்றே கூறலாம். டி யொங் தம் பாதத்தை சாபி அலொன்சோவின் மார்பிலே பதித்த காட்சியை எவ்வாறு நோக்கினும் நியாயப்படுத்த முடியாது. மத்தியஸ்தர் மஞ்சள் அட்டையோடு விட்டது அவருடைய அதிர்ஷ்டம். குறைஃபே தம் நாட்டவரின் ஆட்டத்தைக் கடுமையாகக் கண்டித்தார். ஆயினும் 62ஆவது நிமிடத்தை மறந்துவிட்டு அவ்விரவைத் தீர்ப்பிடுவது நேர்மையாகாது. விங்கரான ஆர்யன் றொபன் தனியே பாய்ந்து சென்றார். முன்னே கோல் காப்பாளர் கஸியாஸ் மாத்திரம். உதைத்த பந்து விழுந்துகொண்டிருந்த கஸியாஸின் காலிலே பட்டு வெளியே சென்றது. ஓர் அங்குலம் அப்பால் சென்றிருந்தால் வான் மார்வைக் தீர்க்கதரிசி, அது செல்லவில்லை. மேலதிக நேரத்தின் 116ஆவது நிமிடத்திலே இனியெஸ்டா கோல் அடித்தார். அழகைக் கொடுத்து வெற்றியை வாங்கச் சென்றவர் அழகையும் கொடுத்துவிட்டு வெற்றியுமின்றித் திரும்பினார். 1974இன் தோல்விக்குக் கிடைத்த அனுதாபம் இந்தத் தோல்விக்குக் கிடைக்கவில்லை. 2012 ஐரோப்பியக் கிண்ணத்திலே மூன்று ஆட்டங்களிலும் தோற்று அவர் விலகியபோது தடுப்பாரும் இருக்கவில்லை.

யேர்மனியின் ஹம்பேர்க் கழகத்திலே சில மாதங்கள் இருந்துவிட்டு, 2015இல் சவூதி அரேபியாவுக்குச் சென்றார். 2006க்குப் பின் உலகக் கிண்ணத்தைக் காணாத அணி அது. 2017 செப்ரெம்பர் 5இல் ஜித்தாவிலே யப்பானை 1-0 என வென்று ரஷ்யா செல்லும் தகுதியைப் பெற்றது. அதே பிரிவிலே சவூதிக்குச் சமமாக 19 புள்ளிகளைப் பெற்றும், கோல் வித்தியாசத்தாலே மூன்றாமிடத்துக்குத் தள்ளப்பட்ட அணி அவுஸ்திரேலியா. சிரியாவோடும் ஹொண்டூராசோடும் மேலும் நான்கு ஆட்டங்கள் ஆடியே அது ரஷ்யாவுக்கு வழிகண்டது. இங்கேதான் கதை திரும்புகின்றது. சவூதியோடு ஒப்பந்தம் புதுப்பிக்கப்படவில்லை. அவுஸ்திரேலியாவின் பயிற்றுநர் பதவி விலகினார். 2018 ஜனவரியிலே அவ்விடத்துக்கு அழைக்கப்பட்டவர், அவுஸ்திரேலியாவைப் பின்தள்ளிய அதே வான் மார்வைக். தாம் வழிகாட்டிச் சேர்த்த நாட்டோடு அவர் ரஷ்யா செல்லவில்லை. தாம் தடுத்த நாட்டோடு சென்றார். அவருக்குப் பின் வருபவரின் பெயரும் போட்டி தொடங்குமுன்னரே அறிவிக்கப்பட்டாயிற்று.

பிரான்சோடு 1-2, டென்மார்க்கோடு 1-1, பெருவோடு 0-2. அவுஸ்திரேலியா அடித்த இரு கோல்களும் தண்ட உதைகள். ஒழுங்குண்டு, கோல் இல்லை. அப்போட்டியின் மிக இளைய வீரரான டேனியல் அர்சானி என்ற பத்தொன்பது வயது விங்கர், மூன்று ஆட்டங்களிலும் மாற்று வீரராகவே இறக்கப்பட்டார். விங்கராயிருந்த ஒருவர் இன்னொரு விங்கரை நம்பத் தயங்கியது வியப்பெனத் தோன்றலாம். பந்துக்காகக் காத்திருப்பவன் எவ்வளவு நேரம் பயனின்றி நிற்கிறான் என்பதை அவரையன்றி யார் அறிவர்?

எஞ்சியது ஐக்கிய அரபு இராச்சியம். 2019 மார்ச்சிலே நியமனம். அதே ஆண்டு டிசெம்பரிலே நீக்கம். இடையிலே இருவர் வந்து சென்றனர். அவர்களுள் ஒருவர் ஓர் ஆட்டத்தைத்தானும் வழிநடத்தவில்லை. 2020 டிசெம்பரிலே மீண்டும் வான் மார்வைக். 2022 பெப்ரவரியிலே மீண்டும் நீக்கம்.

அதே ஆண்டு யூன் மாதத்திலே, உலகக் கிண்ணத்துக்கான ஆசியத் தகுதிகாண் ஆட்டம் ஒன்றிலே இரு அணிகள் கட்டாரிலே மோதின. ஒன்று ஐக்கிய அரபு இராச்சியம், மற்றையது அவுஸ்திரேலியா. 2-1 என அவுஸ்திரேலியா வென்றது. இரு அணிகளுக்கும் பயிற்றுநராயிருந்த வான் மார்வைக் அன்று கோட்டோரத்தின் எப்பக்கத்திலும் இல்லை.