பிளவக்கல் போய் வந்த பிறகு

காதல் முறிஞ்ச கூட்டாளியிடம் "மறந்துடு மாப்ள" என்று சொல்ல எனக்கு மனசு வரவில்லை. கூட்டாளிகள் சேர்ந்து அவனை வண்டியில் ஏற்றி, வத்திராயிருப்பு, கூமாப்பட்டி வழியாகப் பிளவக்கலுக்குக் கூட்டிப்போனோம். 2025-ல் ரீல்ஸில் ஊரே பார்த்த அதே கூமாப்பட்டிதான். அங்கிருக்கும் பெரியாறு அணைக்கரையில் உட்கார்ந்து, திருவில்லிபுத்தூர் பால்கோவாப் பொட்டலத்தைப் பிரித்து நீட்டினோம். விரல் நுனியில் கொஞ்சம் எடுத்து வாயில் வைத்தான். காலையிலிருந்து அதுதான் முதல் சாப்பாடு. அப்புறம் பேச ஆரம்பித்தான். பொழுது சாயும்வரை யாரும் குறுக்கே பேசவில்லை.

சங்க அகப்பாடல்களில் பாங்கன் என்றொருவன் வருவான். காதலில் வாடும் தலைவனை முதலில் இடித்துரைப்பான். பிறகு அவன் பக்கமே நிற்பான். பக்கத்தில் நிற்கும் அந்தப் பாங்கனைத்தான் எனக்குப் பிடிக்கும். குயிலையும் மேகத்தையும் தூதுவிட்ட ஆண்டாளின் ஊர்க்காரர்கள் நாங்கள். ஏக்கத்தை வாய்விட்டுச் சொல்ல இங்கே என்ன கூச்சம்?

மாதங்கள் போயின. வேலையிடத்தில் பழகிய ஒரு பெண்ணோடு காபி குடிக்கப் போகலாமா என்று அவனே கேட்டான். மனசு ஆறும் முன்னாடியே நாங்கள் அவனைத் தள்ளிவிட்டிருந்தால் அந்தப் பெண்ணுக்கு அநியாயம் செய்திருப்போம்.

"போ மாப்ள. பழைய கதையை அவங்ககிட்ட மறைக்காத" என்றேன்.

நாளைக்குச் சாயங்காலம் போகிறான். இளநீலச் சட்டையை இஸ்திரிக்குக் கொடுத்திருக்கிறோம்.