அஜாக்ஸ் நிறுத்தம்

திருவொற்றியூர் நெடுஞ்சாலையில் பேருந்தில் போகிறவர்கள் ‘அஜாக்ஸ்’ என்ற பெயரைக் கேளாமல் இருக்க முடியாது. “அஜாக்ஸ்லாம் எறங்கு!” என்று நடத்துநர் குரல் கொடுத்ததும் மீன் கூடை, சாப்பாட்டுத் தூக்கு, புத்தகப் பை எல்லாம் இறங்கும். சாத்தாங்காட்டிலிருந்து வரும் நானும் அங்கேதான் வண்டி மாறுகிறேன். அந்தப் பெயருக்கு உரியவன் கிரேக்க வீரன் ஒருவன் என்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும், தோழியரே?

உப்புத்தாள் செய்த அஜாக்ஸ் ஆலையின் பெயரே நிறுத்தத்துக்கும் நிலைத்துவிட்டது. அதே முருகப்பா குழுமத்தார் 1954-இல் தொடங்கிய கார்போரண்டம் யூனிவர்சலும் இந்தச் சாலையில்தான் இருக்கிறது. ‘குருந்தம்’ என்ற நம் தமிழ்ச் சொல்தான் மேலை நாடு சென்று ‘கொரண்டம்’ ஆயிற்று. அதனோடு கார்பனைச் சேர்த்து, தாம் கண்டுபிடித்த சாணைப் பொருளுக்குக் ‘கார்போரண்டம்’ என்று பெயரிட்டார் அமெரிக்கரான ஆச்சிசன். ஆகவே ஒரே சாலையில் கிரேக்க வீரனும் தமிழ்க் கல்லும் அண்டை வீட்டாராக வாழ்கிறார்கள்!

இன்னும் தேடினால் கிடைக்கும். எண்ணூர் அசோக் லேலண்ட் 1967-இல் வெளியிட்ட மாடிப் பேருந்துக்கு ‘டைட்டன்’ என்று பெயர். டைட்டன்கள் சீயஸ் தேவனுக்கும் முந்திய பூதாகாரத் தெய்வங்கள். அம்பத்தூரில் பிறந்த ஹெர்குலிஸ் சைக்கிள் எங்கள் வீட்டிலேயே துருவேறி நிற்கிறது. “அப்படியானால் பாரிஸ் கார்னர்? ஹெலனைத் தூக்கிக்கொண்டு ஓடிய பாரிஸா?” என்று என் தோழி கேட்டாள். இல்லை, அது தாமஸ் பாரி என்ற வெள்ளைக்கார வணிகரின் பெயர். அவர் யாரையும் தூக்கிக்கொண்டு ஓடியதாகத் தெரியவில்லை.

அஜாக்ஸுக்கு வருவோம். நூலகச் சகோதரி எடுத்துக் கொடுத்த புத்தகத்தில் அவன் கதையைப் படித்த அன்று இரவு எனக்கு வெகு நேரம் உறக்கம் வரவில்லை.

சாலமிஸ் தீவின் அரசன் தெலமோனின் மகன் அவன். திராய் நகரத்துப் போரில் அக்கிலிஸுக்கு அடுத்த பெருவீரன். ஏழு மாட்டுத்தோல்களை அடுக்கி மேலே வெண்கலம் போர்த்திய அவன் கேடயம் ஒரு கோபுரம் போன்றது. திராய் வீரன் ஹெக்டருடன் தனித்துப் பொருதான். இருட்டும் வரை வெற்றி தோல்வி இல்லை. பிரியும்போது இருவரும் பரிசு மாற்றிக்கொண்டார்கள். அஜாக்ஸ் தன் இடைவாரைக் கொடுத்தான். ஹெக்டர் தன் வாளைக் கொடுத்தான். அந்த வாளை நினைவில் வையுங்கள்.

பகைவர் கிரேக்கக் கப்பல்களுக்குத் தீ வைக்க வந்தபோது, 22 முழக் கழியை ஏந்தி ஒரு கப்பலின் மேல்தட்டிலிருந்து மறு கப்பலுக்குத் தாவித் தாவித் தடுத்தவன் அவனே. காசிமேட்டில் விசைப்படகுகள் விலாவோடு விலா ஒட்டி நிற்பதையும், ஆட்கள் படகுக்குப் படகு தாவிப் போவதையும் பார்த்தவர்களுக்கு இந்தக் காட்சி எளிதில் விளங்கும். மற்ற வீரர்களுக்கு ஏதாவதொரு தெய்வம் பக்கத்தில் வந்து நிற்கிறது. அஜாக்ஸுக்கு அவன் தோள்தான் துணை. பேச்சும் அவனுக்கு அதிகம் வராது.

அந்தப் பேச்சில்தான் வந்தது வினை. அக்கிலிஸ் வீழ்ந்தபோது அம்பு மழைக்கு நடுவே அவன் உடலைத் தோளில் சுமந்து வந்தவன் அஜாக்ஸ். ஆனால் அக்கிலிஸின் கவசம் யாருக்கு என்ற வழக்கு எழுந்ததும் நாவன்மை மிக்க ஒடிஸியஸ் எழுந்து பேசினான். கவசம் அவனுக்குப் போயிற்று. அவமானத்தில் கொதித்த அஜாக்ஸ் வாளோடு கிளம்பினான். ஆதீனா தேவி அவன் அறிவை மயக்கிவிட்டாள். தன்னை வஞ்சித்த தலைவர்கள் என்று எண்ணி அவன் வெட்டிச் சாய்த்தவை எல்லாம் ஆடுகளும் மாடுகளும். விடிந்ததும் தெளிவு வந்தது. நாணம் தாளாமல் தனியே கடற்கரைக்குப் போய், ஹெக்டர் தந்த வாளை மணலில் நட்டு, அதன்மேல் வீழ்ந்து மாண்டான்.

கிரேக்க மொழியில் அவன் பெயர் ‘ஐயாஸ்’. அம்மொழியில் அழுகுரலும் ‘ஐயாய்’ என்பதே. சொபொக்கிளிஸ் கி.மு. 5-ஆம் நூற்றாண்டில் எழுதிய நாடகத்தில், தன் பெயரே அழுகையாய் அமைந்ததைச் சொல்லி அஜாக்ஸ் புலம்புகிறான். ‘ஐயையோ’ என்று அழத் தெரிந்த நமக்கு இதற்கு உரை வேண்டுமா?

முதுகில் புண் பட்டதற்கு நாணி வடக்கிருந்து உயிர் நீத்த சேரமான் பெருஞ்சேரலாதனைப் புறநானூற்றில் படித்தபோது நான் வியந்தேன். அஜாக்ஸிடம் எனக்கு வியப்பு வரவில்லை, வருத்தமே வந்தது. அந்த ஒரு நாள் மட்டும் அவனைக் கூடாரத்தை விட்டு வெளியே விடாதீர்கள், தேவியின் சினம் இன்றோடு தீர்ந்துவிடும் என்று கால்காஸ் என்ற சோதிடன் சொல்லியனுப்புகிறான். சேதி வந்து சேர்வதற்குள் அவன் போய்விட்டான். “அவனைத் தனியே விட்டிருக்கக் கூடாது” என்றார் சகோதரி. புத்தகத்தைத் திருப்பிக் கொடுத்தபோது அவர் சொன்னது அவ்வளவுதான்.

என் தாத்தா ஓர் ஆலையில் 31 ஆண்டுகள் டர்னராக இருந்தவர். ஆலையின் பெயர் வேண்டாம். உப்புத்தாள் பிடித்துப் பிடித்து அவர் கட்டைவிரல் ரேகை தேய்ந்துவிட்டது. ஒரு முறை, வெளிநாட்டிலிருந்து வந்த பெரிய கடைசல் எந்திரம் நின்றுபோனபோது மூன்று நாள் வீட்டுக்கு வராமல் அதை ஓடவைத்தார். அதிகாரிகளிடம் போய் ஆங்கிலத்தில் விளக்கிச் சொன்னவர் அவருடைய கூட்டாளி. போர்மேன் பதவி கூட்டாளிக்குக் கிடைத்தது. தாத்தா யாரிடமும் ஒரு வார்த்தை முறையிடவில்லை. ஆனால் அன்று முதல் இன்று வரை, 35 ஆண்டுகளாக, அவருடன் பேசுவதில்லை. அவர் மகள் திருமணத்துக்குப் பத்திரிகை கொண்டுவந்தபோதும் தாத்தா பின்வாசல் வழியே வெளியே போய்விட்டாராம். அந்த மனிதர் இப்போது காலாடிப்பேட்டையில் வாதநோயில் படுத்திருக்கிறார். “ஒரு தரம் போய்ப் பாத்துட்டு வாங்களேன்” என்று பாட்டி சொல்லிச் சொல்லி ஓய்ந்துவிட்டார்.

சென்ற ஞாயிறு தாத்தாவுக்கு இந்தக் கதையைச் சொன்னேன். கவசம் பறிபோன இடத்தில் “ம்” என்றார். பிற்பாடு ஒடிஸியஸ் உயிரோடு பாதாள உலகம் போய், அங்கே அஜாக்ஸின் ஆவியைக் கண்டு சமாதானம் பேசுகிறான். அஜாக்ஸ் பதில் சொல்லாமல் திரும்பி இருளுக்குள் நடந்துவிடுகிறான் என்றேன்.

“பின்ன? அப்டித்தான் இருக்கணும்” என்றார் தாத்தா.

“இன்னும் இருக்கு தாத்தா. அவர் செத்த அன்னிக்கு, பொதைக்கவே கூடாதுன்னு தலைவர்கள் ரெண்டு பேர் தடுக்கறாங்க. அப்போ வந்து, அவர் பெரிய வீரர், மரியாதையா அடக்கம் பண்ணணும்னு வாதாடினவரே அந்த ஒடிஸியஸ்தான். நானும் கூட வந்து கை கொடுக்கறேன்னு கேக்கறார். அஜாக்ஸோட தம்பி நன்றி சொல்லிட்டு, நீங்க ஒடம்பைத் தொட வேணாம், எங்க அண்ணனுக்குப் பிடிக்காதுன்னு சொல்லிடறார்.”

தாத்தா வெற்றிலைப் பெட்டியைத் திறந்தார்; எதுவும் எடுக்காமலே மூடினார். தெருவில் சாத்தாங்காடு இரும்பு மார்க்கெட்டுக்குப் போகும் லாரி ஒன்று கம்பிகள் குலுங்கக் கடந்து போயிற்று. அந்தச் சத்தம் அடங்கும் வரை பொறுத்திருந்தார்.

“தொட உட்டிருக்கலாம் பாப்பா” என்றார்.