பொது அறிவுப் புத்தகத்தில் விட்டுப்போன பெயர்



தமிழின் முதல் பேசும் படம் எது என்று வகுப்பில் கேட்டால் பாதிக் கைகள் உயரும். 'காளிதாஸ்', 1931. அதில் கதாநாயகியாக நடித்தது யார் என்று கேட்டால் உயர்ந்த கைகள் எல்லாம் இறங்கிவிடும். அவர் பெயர் டி. பி. ராஜலட்சுமி. இன்று அவரைப் பற்றி எழுதத் தோன்றியது.

1911இல் திருவையாற்றில் பிறந்தவர். அந்தக் கால வழக்கப்படி சின்ன வயதிலேயே கல்யாணம் செய்து வைத்தார்கள். அது நிலைக்கவில்லை. பிறந்த வீட்டுக்கே திரும்பி வந்தார். அப்பாவும் காலமாகிவிட, தாயும் மகளும் பிழைப்புத் தேடித் திருச்சிக்குப் போனார்கள். சொத்து இல்லை, படிப்பு இல்லை. பெண்ணுக்கு நல்ல குரல் மட்டும் இருந்தது. பெண் வேஷத்தையும் ஆண்பிள்ளைகளே போட்ட காலம் அது. நாடகக் கம்பெனிக்குப் போனால் ஊர் என்ன பேசும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. ஆனாலும் போனார்கள். அங்கே சங்கரதாஸ் சுவாமிகள் அந்தச் சிறுமியின் பாட்டைக் கேட்டு, சேர்த்துக்கொள்ளலாம் என்று பரிந்துரை செய்தார்.

நாடகத்திலிருந்து மௌனப் படம், அங்கிருந்து பம்பாய். எச். எம். ரெட்டி இயக்கிய 'காளிதாஸ்' 1931 அக்டோபர் 31ஆம் தேதி சென்னை கினிமா சென்ட்ரலில் வெளியானது. கதாநாயகன் தெலுங்கில் பேசினார், ராஜலட்சுமி தமிழில் பேசினார். பின்னணிப் பாடல் என்பதே அப்போது கிடையாது. நடித்துக்கொண்டே சொந்தக் குரலில் பாட வேண்டும். 1936இல் தான் எழுதிய நாவலையே 'மிஸ் கமலா' என்று படமாக்கி, தானே இயக்கி நடித்தார். தென்னிந்தியாவில் படம் இயக்கிய முதல் பெண் அவர்தான். தன் மகளுக்கும் கமலா என்றே பெயர் வைத்தார். 1964இல் மறைந்தார். 'காளிதாஸ்' படத்தின் பிரதி ஒன்றுகூட இன்று இல்லை.

இந்தக் கதையை நான் பாடமாக நடத்தியதில்லை. ஒரே ஒரு முறை ஒரு தாயிடம் சொன்னேன். கேளம்பாக்கம் பக்கம் உப்பளத்தில் வேலை பார்த்த அம்மா. மகள் எட்டாம் வகுப்பு. கல்யாணப் பேச்சு நடக்கிறது என்று தெரிந்து வீட்டுக்குப் போயிருந்தேன். முழுக்கதையும் கேட்டுவிட்டு அந்த அம்மா சொன்னார்: "அந்தம்மாவுக்குப் பாட்டு வந்துச்சு டீச்சர். எம் பொண்ணுக்கு என்ன வரும்?"

எனக்குச் சட்டென்று பதில் வரவில்லை. கொஞ்ச நேரம் கழித்துச் சொன்னேன்: "பாட்டு வந்ததால மட்டும் இல்லம்மா. ஊர் பேசினாலும் பரவாயில்லன்னு கூடப் போக ஒரு அம்மா இருந்தாங்க. அதனாலதான்."

அவர் ஒன்றும் பேசவில்லை. காலெல்லாம் உப்பு பூத்திருந்தது. திங்கட்கிழமை மகளைத் தானே பள்ளிக்கூடத்து வாசல் வரை கொண்டுவந்து விட்டுவிட்டு வேலைக்குப் போனார். அந்தப் பெண் பத்தாம் வகுப்பு முடித்து, நர்ஸ் படிப்பும் முடித்தாள். இந்தப் பதிவையும் படிப்பாள். பெயர் சொல்ல மாட்டேன், பயப்படாதே கண்ணு.

முதல் ஆள் என்று ஒருவரைக் கொண்டாடும்போது அவர் திறமையைத்தான் பேசுகிறோம். அவரைக் கையைப் பிடித்து அழைத்துப் போனவர்களையும், 'உள்ளே வரட்டும்' என்று சொன்னவர்களையும் பேசுவதில்லை. படச்சுருள் அழிந்துபோகும். அந்தக் கை பிடித்தது வீண் போகாது.

உங்களை அப்படிப் பள்ளிக்கூடம் வரை கொண்டுவந்து விட்டவர் யார்? கீழே எழுதுங்கள். அவர் இருந்தால் இன்றைக்கே ஒரு போன் போட்டுப் பேசுங்கள்.

அன்புடன்,
உங்கள் டீச்சர்
கேளம்பாக்கம்