பவர் எதுக்கு மேடம்?

ஓட்டுநர் இருக்கையில் உட்கார்ந்து ஸ்டியரிங்குக்குக் கீழே கையை விட்டுத் துழாவினால், 16 துளைகள் கொண்ட பிளாஸ்டிக் சாக்கெட் ஒன்று தட்டுப்படும். ஓபிடி போர்ட் என்பார்கள். 2013 ஏப்ரலுக்குப் பிறகு இந்தியாவில் தயாரான கார்கள் அநேகமாக எல்லாவற்றிலும் இருக்கிறது. இன்ஜினை நடத்துகிற கணினியோடு பேச வேண்டுமானால் இதன் வழியாகத்தான் பேச வேண்டும். என் தோழிகளில் பலர் பத்து, பதினைந்து வருடமாக கார் ஓட்டுகிறார்கள். இதைத் தொட்டுப் பார்த்தவர் அவர்களில் ஒருவரும் இல்லை. காட்டித் தந்தவர்களும் இல்லை.

2023 டிசம்பர் மிக்ஜாம் புயலில், அடையாறில் எங்கள் குடியிருப்பின் பார்க்கிங்கில் சக்கரம் பாதி மூழ்கும் அளவு தண்ணீர் நின்றது. வடிந்து சில வாரங்களில் என் காரில் மஞ்சள் இன்ஜின் விளக்கு எரியத் தொடங்கியது. சின்ன டர்போ பெட்ரோல் கார், 2018இல் என் சம்பளத்தில் வாங்கியது. சர்வீஸ் சென்டரில் முதல் கேள்வி, "சார் வரலையா மேடம்?" அடுத்து, கேட்டலிட்டிக் கன்வெர்டர் போய்விட்டது, மாற்ற வேண்டும் என்ற தீர்ப்பு. ஐந்து இலக்கத் தொகை. கணினி என்ன கோடு காட்டுகிறது என்று கேட்டேன். "அதெல்லாம் டெக்னிக்கல் மேடம்" என்று சொல்லி, லேப்டாப் திரையைத் தன் பக்கம் இன்னும் கொஞ்சம் திருப்பிக்கொண்டார்.

நான் ரிச்சி தெருவுக்குப் போனேன். முதல் கடையில் கையில் வைத்தது சில நூறு ரூபாய் ப்ளூடூத் டப்பா. உள்ளே இருப்பது இஎல்எம் 327 என்றார்கள். அது எல்ம் எலக்ட்ரானிக்ஸ் என்ற கனடா நிறுவனம் வடிவமைத்த சிப். ஆரம்பத்திலேயே நகலெடுக்கப்பட்டு, உலகம் முழுக்க நகல்களே அதிகம் விற்றன. அந்த டப்பாவின் மேல் பதிப்பு 1.5 என்று இருந்தது. எல்ம் நிறுவனம் 1.5 என்று ஒன்றை வெளியிட்டதே இல்லை! நகல்கள் எல்லாமே குப்பை என்று சொல்ல மாட்டேன். கோடு படிக்க மட்டும் என்றால் பல நேரம் போதும். ஆனால் சில கட்டளைகளுக்குப் பதில் வராது, பாதியில் தொடர்பு அறும், பல டப்பாக்கள் ஐபோனோடு சேராது. நான் எஸ்டிஎன் சிப் உள்ள கருவியைக் கேட்டு வாங்கினேன். விலை சில ஆயிரம். சர்வீஸ் சென்டர் சொன்ன தொகைக்கு முன் ஒன்றுமில்லை. வாங்குகிறவர்கள் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். போர்ட்டின் 16ஆம் முனையில், சாவியை எடுத்துவிட்டாலும் பேட்டரி மின்சாரம் இருக்கும். தூங்கத் தெரியாத கருவியைச் செருகியே விட்டால் பேட்டரி இறங்கிவிடும்.

அன்று மாலை புடவையோடு குனிந்து செருகிக்கொண்டிருந்தபோது வாட்ச்மேன் ஓடி வந்தார். "என்னம்மா தொலைச்சிட்டீங்க?" போனில் வந்த கோடு பி0141. கன்வெர்டரின் செயல்திறன் குறைந்தால் வருவது பி0420. பி0141 சொல்வது வேறு. கன்வெர்டருக்குப் பின்னால் இருந்து அதைக் கண்காணிக்கும் ஆக்ஸிஜன் சென்சாரின் ஹீட்டர் சர்க்யூட்டில் கோளாறு. கோளாறு பதிவான நொடியில் இன்ஜின் எத்தனை சுற்று சுற்றியது, சூடு எவ்வளவு, வேகம் எவ்வளவு என்பதையும் கணினி எழுதி வைத்திருந்தது. இதை ஃப்ரீஸ் ஃப்ரேம் என்கிறார்கள். கோடை அழித்தால் இதுவும் போய்விடும். அதனால் அழிக்கும் முன் படம் எடுத்துக்கொள்ளுங்கள். அழிக்கச் சொல்லி யாராவது அவசரப்படுத்தினால் இரண்டு படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

மயிலாப்பூரில் குளத்துக்குப் பின்னால் ஒரு சந்தில் ஷெட் வைத்திருக்கும் தம்பியிடம் எண்ணைக் காட்டினேன். காரை ஜாக்கில் தூக்கி, சென்சார் கனெக்டரைக் கழற்றினார். உள்ளே பச்சைப் பாசி மாதிரி செம்புக் களிம்பு. துடைத்து, முனையை மாற்றிக் கொடுத்தார். விளக்கு திரும்ப எரியவில்லை. கன்வெர்டர் இன்றும் அதே கன்வெர்டர்தான்.

திரையைத் திருப்பிக்கொள்வது பெண்களிடம் மட்டும் நடப்பதில்லை. அந்தத் தம்பியிடமும் நடக்கிறது. 2014 ஆகஸ்டில் இந்தியப் போட்டி ஆணையம் 14 கார் நிறுவனங்களுக்கு 2,544 கோடி ரூபாய்க்கு மேல் அபராதம் விதித்தது. உதிரி பாகங்களையும் பழுதறியும் கருவிகளையும் தனி மெக்கானிக்குகளுக்குக் கிடைக்கவிடாமல் வைத்திருந்தார்கள் என்பது குற்றச்சாட்டு. நிறுவனங்கள் மேல்முறையீட்டுக்குப் போயின. முதலில் கம்பெனி, பிறகு மெக்கானிக், அதற்கும் பிறகு 'சார்', கடைசியில் நாம் என்று ஒரு வரிசை இருக்கிறது. சந்து ஷெட்டுக்கே வராத தகவல் எனக்கு எங்கிருந்து வரும்?

படிக்கத் தெரிந்த பிறகு எழுத ஆசை வந்தது. டர்போ விழிக்கும் வரை என் கார் தி.நகர் உஸ்மான் சாலை மேம்பாலத்தில் மூச்சு வாங்கும். கணினியில் உள்ள மேப்பை மாற்றினால் இது சரியாகும். ட்யூனிங் செய்யும் ஒருவரிடம் விசாரித்தேன். அவர் உண்மையான அக்கறையோடுதான் கேட்டார்: "பவர் எதுக்கு மேடம்? நீங்க சிட்டிலதானே ஓட்டுறீங்க?" எனக்கு முன்னால் நின்ற பையனும் சிட்டியில்தான் ஓட்டுகிறான். அவனிடம் 'எத்தனை பிஎச்பி வேணும்?' என்றுதான் கேட்டார். எனக்கு வேண்டும், அதனால்தான் என்றேன்.

எழுதும் கருவி வேறு சாதி. என்னுடையது போன்ற படிக்கும் கருவி அதற்கு உதவாது. எழுதும்போது பேட்டரி மின்னழுத்தம் விழுந்தால் கணினியே செத்துப்போகலாம், சார்ஜர் மாட்டித்தான் எழுத வேண்டும். சில கருவிகள் ஒரு காரில் எழுதியதும் அந்தக் காரோடு பூட்டிக்கொள்ளும், வேறு காரில் வேலை செய்யாது. இதற்கு அந்தத் தொழிலில் வைத்திருக்கும் பெயர் 'மேரி'. விடுவிக்க 'அன்மேரி' செய்ய வேண்டும், அதற்கு அதே கார் வேண்டும். காரை விற்றுவிட்டால் கருவி காலத்துக்கும் தாலியோடு கிடக்கும். படித்துவிட்டுத் தனியாகச் சிரித்தேன்.

அதனால் அவரிடம் நான் கேட்டவை மூன்று. அசல் ஃபைலை முழுதாக எடுத்து என் கையில் தருவீர்களா? திரும்ப அசலுக்கு மாற்றும் கருவி என்னிடம் இருக்குமா? மாற்றிய பின் புகை அளவு எவ்வளவு? வாரண்டி போகும் என்பது எனக்குத் தெரியும். காரின் அசல் அமைப்பை மாற்ற மோட்டார் வாகனச் சட்டத்தின் 52ஆம் பிரிவு வரம்பு வைத்திருப்பதும் தெரியும். முதல் கேள்விக்கே அவர், "ஃபைல் எல்லாம் எங்ககிட்டயே இருக்கும், உங்களுக்கு எதுக்கு மேடம்?" என்றார்.

சாவியைக் கொடுக்காமல் வந்துவிட்டேன். ஆசை போகவில்லை. தினமும் காலையில் அடையாறு பாலத்திலிருந்து மயிலாப்பூர் வரை பூஸ்ட், இக்னிஷன் டைமிங், ஃப்யூயல் ட்ரிம் மூன்றையும் பதிவு செய்கிறேன். நாளை யார் மேப்பை மாற்றினாலும் முன்பு எப்படி இருந்தது என்பதற்கு என்னிடம் கணக்கு இருக்கும். இந்த வாரம் மட்டும் பதிவு இல்லை. மூன்றாம் மாடி அக்காவின் காரில் விளக்கு எரிகிறது, கருவி அவரிடம் இருக்கிறது.