அடுத்த ஊர்

ஃபீனிக்ஸ், டெம்பி, மேஸா என்ற மூன்று ஊர்களை இணைத்து ஒரு ரயில் ஓடுகிறது. இணைத்து என்று எழுதிவிட்டுப் பார்க்கிறேன், சரியாகப் படவில்லை. அந்த ஊர்கள் ஏற்கெனவே ஒட்டிக்கொண்டுதான் இருக்கின்றன. ஒன்று எங்கே முடிந்து மற்றது எங்கே தொடங்குகிறது என்று கண்ணால் பார்த்துச் சொல்ல முடியாது. அதே அகலத் தெரு, அதே பெட்ரோல் பங்க், அதே கார் நிறுத்துமிடம். ஓரிடத்தில் பலகையில் பெயர் மாறுகிறது, அவ்வளவுதான். பிரிந்து கிடந்தவர்கள் ஜனங்கள், அவரவர் காருக்குள்.

2023 கோடையில் மூன்று மாதம் டெம்பியில் என் மகன் வீட்டில் இருந்தேன். எனக்குக் கார் ஓட்டத் தெரியாது. அரிசோனாவில் கார் ஓட்டத் தெரியாத பெரியவன் குழந்தைக்குச் சமானம். "எங்க போணும்னு சொல்லுங்கப்பா, சனிக்கிழமை கொண்டுவிடறேன்" என்பான். அன்போடுதான் சொன்னான். ஆனால் சனிக்கிழமைவரை உயிரோடிருக்கும் ஆசைகள் இந்த வயதில் எனக்கு அதிகம் இல்லை. இரண்டாவது வாரம், வீட்டிலிருந்து ஐந்து நிமிஷ நடையில் அபாச்சி பொலிவார்டின் நடுவில் ஒரு ஸ்டேஷன் இருப்பதைக் கண்டுபிடித்தேன். ஸ்டேஷன் என்றால் ஒரு மேடை, சில கூரைத் துண்டுகள், டிக்கெட் கொடுக்கிற இயந்திரம். மாஸ்டர் கிடையாது. கேட் கிடையாது. தெருவின் நடுவிலேயே தண்டவாளம். மேலே மின்கம்பி. கார்களோடு சேர்ந்து சிக்னலுக்கு நின்று, மணி அடித்துக்கொண்டு வண்டி வருகிறது. மேடையும் வண்டியின் தரையும் ஒரே மட்டம். சக்கர நாற்காலி, குழந்தை வண்டி, சைக்கிள் எல்லாம் தடுக்காமல் உள்ளே போகும். சைக்கிளைக் கொக்கியில் செங்குத்தாக மாட்டிவிட்டு உட்கார்ந்துவிடுகிறார்கள்.

இந்த வண்டி சுலபமாக வந்துவிடவில்லை. 1887-ல் கோவேறு கழுதை இழுத்த டிராமில் தொடங்கி, பிறகு மின்சார டிராம் ஓடிய ஊர் ஃபீனிக்ஸ். 1947-ல் டிராம் கொட்டகை எரிந்தது. அடுத்த வருஷம் டிராமே நின்றுபோயிற்று. எரியாவிட்டாலும் நின்றுதான் போயிருக்கும். கார் ஜெயித்துக்கொண்டிருந்த காலம். 1989-ல் உயர்மட்டத்தில் ரயில் ஓட்டுவதற்கான பெரிய திட்டம் ஒன்றை ஓட்டுப்போட்டு நிராகரித்தார்கள். டெம்பி 1996-லும், ஃபீனிக்ஸ் 2000-லும் விற்பனை வரி கொடுக்கச் சம்மதித்தன. 2008 டிசம்பர் 27 அன்று இருபது மைல் பாதை திறந்தது. அதன் கிழக்கு முனை அப்போது மேஸாவின் வாசற்படியோடு நின்றது. ஊருக்குள் நுழைய 2015 ஆகிவிட்டது. 2019-ல் ஃபீனிக்ஸில் மேற்கொண்டு பாதையே போடக்கூடாது என்று ஒரு தீர்மானத்தை ஓட்டுக்கு விட்டார்கள், அது தோற்றது. பக்கத்து ஊர்க்காரன் சுலபமாக வந்துபோவது வேண்டுமா வேண்டாமா என்பதை இத்தனை முறை கேட்டுத் தீர்மானிக்க வேண்டியிருந்திருக்கிறது. செலவு, வரி என்றுதான் பேச்சு. அடியில் வேறு ஏதோவும் இருந்தது என்று எனக்குத் தோன்றுகிறது. யார் பக்கத்தில் யார் உட்காருவது என்ற கேள்வி. இதை நான் அவர்களைப் பற்றிய அபிப்பிராயமாகத்தான் ஆரம்பத்தில் வைத்திருந்தேன்.

நான் போனது ஃபீனிக்ஸ் நடுநூலகத்துக்கு, வாரம் மூன்று நாள். சென்ட்ரல் அவென்யூவில் இறங்கிச் சிறிது நடந்தால் வந்துவிடும். வழியில் ஸால்ட் நதியின்மேல் பாலம். நதி என்பது பெயர்தான். மேலே அணைகளிலும் கால்வாய்களிலும் தண்ணீரைத் திருப்பி நூறு வருஷத்துக்கு மேல் ஆகிறது. பாலத்தின் கீழே தெரிகிற ஏரி, காய்ந்த ஆற்றுப்படுகையில் தடுப்புகளை நிறுத்தி 1999-ல் நிரப்பியது. அப்பால் நாற்பத்திநாலாம் தெரு ஸ்டேஷன் பக்கம் ஹோஹோகம் மக்களின் மண்மேடு இருக்கிறது. எந்திரம் எதுவும் இல்லாமல் இந்தப் பள்ளத்தாக்கு முழுவதும் கால்வாய் வெட்டிப் பயிர் செய்தவர்கள். பதினைந்தாம் நூற்றாண்டு வாக்கில் அந்த ஊர்கள் கைவிடப்பட்டன. 1860-களின் கடைசியில் வந்த வெள்ளைக்காரர்கள் அந்தக் கால்வாய்களைத் தூர்வாரித்தான் ஊர் கட்டினார்கள். சாம்பலிலிருந்து எழும் பறவையின் பெயர் வைத்தது அதனால்தான். அடியில் யாருடைய சாம்பல் என்று கேட்க ரொம்ப நாளாயிற்று. மேட்டில் இருக்கும் மியூசியத்துக்கு ஓ'ஓதம் மொழியில் பெயர் வைத்தது 2023-ல்தான்.

பாலைவனம் எப்படி இருக்கிறது என்று ஒரு நண்பர் எழுதிக் கேட்டிருந்தார். நம் பாலை தனி நிலமே அல்ல. முல்லையும் குறிஞ்சியும் வெயிலில் திரிந்து கொள்கிற வடிவம் என்று சிலப்பதிகாரம் சொல்கிறது. ஸொனோரன் பாலைவனம் அப்படியில்லை. அது எதிலிருந்தும் கெட்டுப்போய் வந்ததல்ல. சகுவாரோ கள்ளி ஆள் உயரத்தைப் போலப் பல மடங்கு நிற்கிறது. கோடையில் மழைகூட உண்டு, அதை அவர்களும் மான்சூன் என்கிறார்கள். கெட்டுப்போனது தார் ரோடு. பகலெல்லாம் வாங்கிய சூட்டை அது ராத்திரி முழுவதும் திருப்பிக் கொடுத்தது. அந்த வருஷம் ஜூன் 30 முதல் ஜூலை 30 வரை, முப்பத்தொரு நாள் தொடர்ந்து, உச்சவெயில் 110 டிகிரிக்குக் குறையவில்லை. நம் கணக்கில் 43-க்கு மேல். அந்த வருஷம் வெயிலால் மரிகோபா கவுண்டியில் இறந்தவர்கள் 645 பேர். ஏறக்குறையப் பாதிப்பேர் வீடில்லாதவர்கள்.

அந்த நாட்களில் ரயிலில் எல்லோரும் ஊர் போவதற்காக ஏறவில்லை. குளிர்ச்சிக்காக ஏறினார்கள். ஒரு முனையிலிருந்து மறுமுனைக்கு, மறுபடியும் இந்த முனைக்கு. சேருமிடம் இல்லாத பிரயாணிகள். பையைக் காலிடுக்கில் வைத்துக்கொண்டு தூங்குவார்கள். நானும் சில நாள் நூலகத்தில் இறங்காமல் அப்படியே போய்த் திரும்பியதுண்டு. எனக்கும் அவர்களுக்கும் வித்தியாசம், எனக்கு இறங்கிய பிறகும் குளிர்ச்சி காத்திருந்தது.

ஜூலை மத்தியில் ஒரு பிற்பகல் திரும்பிக்கொண்டிருந்தேன். பன்னிரண்டாம் தெருவில் ஒருவர் ஏறி என் பக்கத்தில் உட்கார்ந்தார். என் வயதுதான் இருக்கும். உதடு வெடித்து வெள்ளையாக இருந்தது. மகன் வாங்கிக்கொடுத்த எவர்சில்வர் பாட்டிலை எடுத்து, வழக்கம்போல அண்ணாந்து ஊற்றிக் குடித்தேன். ஓடுகிற வண்டியில் சிந்தாமல் அப்படிக் குடிப்பதில் எனக்குக் கொஞ்சம் பெருமை உண்டு. அவர் பார்த்துக்கொண்டே இருந்தார். பிறகு கொஞ்சம் கிடைக்குமா என்று கேட்டார். கொடுத்தேன். யோசிக்காமல் கொடுத்தேன் என்று சொல்ல வேண்டும், அது வாஸ்தவம். அவர் வாய் வைத்துக் குடித்தார். நிறையக் குடிக்கவில்லை. பாதிக்குமேல் மீதி வைத்து, பாட்டிலின் வாயை உள்ளங்கையால் துடைத்து, மூடியைத் திருகித் திருப்பிக் கொடுத்தார். நன்றி சொன்னார்.

அதற்குப் பிறகு என்னால் அதில் குடிக்க முடியவில்லை.

நாக்கு ஒட்டிக்கொண்டது. ஸ்டேஷன்கள் போய்க்கொண்டே இருந்தன. மடியில் குளிர்ந்த தண்ணீர். இரண்டு முறை மூடியில் கைவைத்து எடுத்துக்கொண்டேன். அவர் ஒன்றும் கவனிக்காதவர் மாதிரி ஜன்னல் பக்கம் தலையைச் சாய்த்திருந்தார். கவனித்தார் என்றுதான் நினைக்கிறேன். துடைத்துக் கொடுத்தவருக்கு எல்லாம் தெரிந்திருந்தது. பாட்டிலை அவரிடமே கொடுத்துவிடலாம் என்று தோன்றியது. கொடுத்திருந்தால் அது தானமாகியிருக்கும், நான் தப்பித்திருப்பேன். அதையும் செய்யவில்லை. அவர் தூங்க ஆரம்பித்தார். நான் இறங்கினேன்.

வீட்டில் பாட்டிலை சோப்புப் போட்டுத் தேய்த்துக்கொண்டிருந்தபோது மகன் வந்தான். "என்னப்பா, இவ்ளோ நேரம் தேய்க்கறீங்க?" "கறை" என்றேன்.

சுகாதாரம் என்று சொல்லிக்கொள்ளலாம். மகன் குடித்து வைத்த டம்ளரில் நான் குடிப்பேன். அவனுக்கு ஜலதோஷம் இருந்தாலும் குடிப்பேன். ஆகவே அது இல்லை. டீக்கடை இரட்டைக் குவளையைப் பற்றிக் கவிதை எழுதியவன் நான். நம்மில் சிலர் அதைப் படித்திருக்கிறீர்கள். நல்ல கவிதை என்று ஒருவர் கடிதம்கூட எழுதினார். அந்தக் கவிதையில் நான் எங்கே நின்றுகொண்டிருந்தேன் என்று இப்போது யோசித்துப் பார்க்கிறேன். கடைக்கு வெளியே, தெருவில், நோட்டுப் புத்தகத்தோடு. கையில் குவளை இல்லை.

1853-ல் மார்க்ஸ் இந்திய ரயிலைப் பற்றி எழுதும்போது, அது கொண்டுவரும் நவீனத் தொழில் ஜாதிக்கு ஆதாரமான பரம்பரை வேலைப் பிரிவினையைக் கரைத்துவிடும் என்று எதிர்பார்த்தார். ரயிலால் முடிந்ததை ரயில் செய்தது. பக்கத்தில் உட்காரவைத்தது. அரிசோனாவிலும் அதையேதான் செய்தது. வெவ்வேறு ஊர்க்காரர்களை, வெயிலுக்கு ஒதுங்கியவனையும் நூலகத்துக்குப் போகிறவனையும், ஒரு ஸீட்டில் கொண்டுவந்து வைத்தது. அதற்கு இருபது மைல் தண்டவாளமும் இத்தனை ஓட்டெடுப்பும் வேண்டியிருந்தன. மிச்சமிருந்த ஒரு முழ தூரத்தை நான் கடக்க வேண்டும். அதற்கு யாரும் ஓட்டுப்போட முடியாது.

இதை ஒரு தத்துவமாக்கிவிட்டு நிம்மதியாக இருக்க எனக்கு விருப்பமில்லை. அன்றைக்குத் தாகம் எடுத்தது, தண்ணீர் இருந்தது, குடிக்கவில்லை. நடந்தது இவ்வளவுதான்.

2025 ஜூனில் தெற்கு ஃபீனிக்ஸுக்கும் பாதை திறந்து, வண்டியை ஏ, பி என்று இரண்டாகப் பிரித்துவிட்டார்கள் என்று மகன் போனில் சொன்னான். "இனிமே நீங்க லைப்ரரிக்குப் போணும்னா டௌன்டவுன்ல எறங்கி வேற வண்டி மாறணும்ப்பா." சரி என்றேன். அந்தப் பாட்டில் அவன் வீட்டில்தான் இருக்கிறது. கொண்டுவரவில்லையா என்று கேட்டான். அங்கேயே இருக்கட்டும், வரும்போது வேண்டியிருக்கும் என்றேன்.